கண்ணாடிக்குப் பின்னால் கேமரா: திருவல்லிக்கேணி சலூனில் ஆண் முகங்கள் – ஒரு நிகழ்வு ஆய்வு

தமிழ் சினிமாவில் ஓர் ஆணைப் பெரிய ஆளாகக் காட்டும் செய்முறை ஊருக்கே தெரிந்ததுதான். கேமராவை முழங்கால் உயரத்துக்கு இறக்கி, விநாடிக்கு 48 ஃபிரேமுக்கு, அதாவது 48 தனிப்படத்துக்கு, மேல் பதிந்து, எதிரே காற்றாடி வைத்து, ஆளை நடக்கவிட வேண்டும். மூன்று நான்கு விநாடிக்கு ஒரு வெட்டு. ஸ்லோ மோஷன்தான் அந்த ஆளைத் தூக்கி நிறுத்துகிறது என்று நினைக்கிறோம். வெட்டுதான் அவரைக் காப்பாற்றுகிறது. தோரணை ஒரு சில விநாடிதான் தாங்கும். அதற்குமேல் இமை துடிக்கும், தாடை தளரும், எச்சில் விழுங்க வேண்டிவரும். எடிட்டர் அதற்குள் வேறு கோணத்துக்குப் போய்விடுவார்.

இங்கே எடுத்துக்கொண்ட 27 நிமிடப் பரிசோதனைப் படம் ஸ்லோ மோஷனை வைத்துக்கொண்டு வெட்டை மட்டும் எடுத்துவிட்டது. கேமரா முழங்காலுக்கு இறங்கவில்லை, கண் மட்டத்தில் அசையாமல் நின்றது. ஆண்களும் நடக்கவில்லை, சவரம் செய்துகொண்டார்கள்.

இடம் திருவல்லிக்கேணி. மேன்ஷன் எனப்படும் ஆண்கள் விடுதிகள் நெருக்கியடிக்கும் சந்து ஒன்றில் இரண்டு நாற்காலி போட்ட சலூன்; உட்புறம் 9க்கு 11 அடி. சென்னையில் சலூன்களுக்கு வழக்கமாகச் செவ்வாய்க்கிழமை விடுமுறை என்பதால் நான்கு செவ்வாய்க்கிழமைகளில் படப்பிடிப்பு. குழுவில் ஐந்து பேர். நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் பதினொரு பேர். வேலைக்காக ஊரிலிருந்து வந்து மேன்ஷனில் தங்கியிருப்பவர்கள், உணவு டெலிவரி பையன்கள், ஓர் ஓய்வுபெற்ற அரசு ஊழியர், ஒரு ஜிம் பயிற்சியாளர். சவரம் செய்தவர் கடைக்காரர், ஐம்பது வயதைத் தாண்டியவர். அவரைப் பற்றிப் பின்னால் வரும். படத்தின் பெரிய பிழையும் அவரைச் சுற்றித்தான் நடந்தது.

சலூனைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் எளிது. ஓர் ஆண் இன்னோர் ஆணின் தாடையைப் பிடித்துத் திருப்புவதும், கன்னத்தை விரலால் இழுத்துப் பிடிப்பதும், கழுத்தில் கத்தி வைப்பதும் கூச்சமே இல்லாமல் நடக்கிற பொது இடம் நம் ஊரில் வேறு எது? பத்துக்கு எட்டு அறையில் மூன்று பேரோடு தங்கியிருப்பவனுக்கு மாதக்கணக்கில் முகத்தைத் தொடுகிற ஒரே கை சலூன்காரருடையதாக இருக்கலாம்.

முதல் வரைவில் பின்னணிக் குரல் இருந்தது. 'ஆண்மை' என்ற சொல்லைத் தொட்டதுமே தமிழில் இரண்டு பேர் வந்து நின்றுவிடுவார்கள். பிறன் மனையை நோக்காததே பேராண்மை என்ற வள்ளுவர் ஒருவர், பெண் விடுதலைக்கு ஆண்மை என்ற கருத்தே அழிய வேண்டும் என்று எழுதிய பெரியார் மற்றவர். குரல் இருவரையும் மேற்கோள் காட்டியது. சோதனைக்காக எடுத்த ஒரு முகத்தின்மேல் அதை ஓட்டிப் பார்த்தபோது பார்த்தவர்கள் தலையாட்டினார்கள், முகத்தைப் பார்க்கவில்லை. கருத்து காதில் விழுந்ததும் கண்ணுக்கு வேலை முடிந்துவிடுகிறது. குரல் போயிற்று. அதோடு உடைந்த பைக் கண்ணாடி, துருப்பிடித்த டம்பெல்ஸ் முதலிய குறியீட்டுக் காட்சிகளும் போயின. இந்த வகைப் படங்களைக் கொல்வது பெரும்பாலும் இந்த டம்பெல்ஸ்தான்.

எங்கிருந்து வந்தது இந்த வேகம்

அமெரிக்கக் கலைஞர் ஆண்டி வார்ஹோல் 1964 முதல் 1966 வரை எடுத்த 'ஸ்கிரீன் டெஸ்ட்' முகப்படங்கள் 472. ஒவ்வொன்றும் 100 அடி 16 மி.மீ. சுருள், ஒலி கிடையாது. எடுத்தது விநாடிக்கு 24 ஃபிரேமில், திரையிட்டது 16-இல். 100 அடியில் சுமார் 4,000 ஃபிரேம்; எடுக்க ஏறக்குறைய 2 நிமிடம் 45 விநாடி, பார்க்க 4 நிமிடத்துக்கு மேல். ஒன்றரை மடங்கு நீட்சி. ஸ்லோ மோஷன் என்று கண்ணுக்கு உறைக்காது. ஆனால் இமை மூடித் திறப்பதை முழுதாகப் பார்த்துவிடலாம்.

டிஜிட்டலில் அதே விகிதம் 36-இல் எடுத்து 24-இல் ஓட்டுவது. 48-இல் எடுத்தால் இரண்டு மடங்கு. அப்போது முகம் விளம்பரப் படமாகிவிடும், ஷேவிங் கிரீம் விற்கிற மாதிரி. 30-இல் எடுத்தால் வித்தியாசம் தெரிவதில்லை. எல்லாக் கேமராவிலும் 36 கிடைக்காது. பல மிர்ரர்லெஸ் கேமராக்கள் 24, 25, 30, 50, 60 என்று குறிப்பிட்ட படிகளையே தரும். குழு எடுத்தது பிளாக்மேஜிக் பாக்கெட் 4கே கேமரா. அதில் 'ஆஃப் ஸ்பீடு' என்ற அமைப்பில் எந்த முழு எண்ணையும் வைக்கலாம். படக்கோப்பை 8:1 அளவில் சுருக்கினால் ஒரு 4 நிமிட டேக் சுமார் 15 ஜிபி. 1 டிபி எஸ்எஸ்டி ஒன்று படப்பிடிப்பு முழுவதற்கும் போதுமானதாக இருந்தது.

வீணாய்ப்போன முதல் செவ்வாய்

இரண்டு தவறுகள், இரண்டும் கற்றுக்கொடுத்தவை.

ஒன்று, ஷட்டர், அதாவது ஒவ்வொரு ஃபிரேமிலும் வெளிச்சம் விழும் நேரம். பழக்கத்தில் 180 டிகிரி, ஃபிரேம் நேரத்தில் பாதி, வைத்தார்கள். 36 ஃபிரேமில் அது 1/72 விநாடி. சலூனில் இருந்தவை நான்கடி எல்இடி டியூப்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், மின்சாரத்தைச் சீராக்கும் டிரைவர் சுற்று மலிவாக உள்ள டியூப் விநாடிக்கு 100 தடவை ஏறி இறங்கும். 1/72 விநாடியில் அந்த ஏற்ற இறக்கம் முழுச் சுற்றாக அடங்காது. ஒவ்வொரு ஃபிரேமும் வேறு இடத்தில் வெட்டப்படும். 100-ஐ ஒட்டி வரும் 36-இன் மடங்கு 108. அதிலிருந்து 100 போனால் 8. முகத்தின் வெளிச்சம் விநாடிக்கு 8 தடவை துடிக்கும், 24-இல் ஓட்டும்போது சுமார் 5. ஏழு அங்குல மானிட்டரில் இது தெரியவில்லை. வீட்டுக்குப் போய்ப் பெரிய திரையில் போட்டபோது எல்லா முகமும் மெழுகுவத்தி வெளிச்சத்தில் இருப்பதுபோல் நடுங்கின. தீர்வு ஷட்டரை 1/50-க்கு இறக்குவது. 36 ஃபிரேமில் 259.2 டிகிரி. சரியாக இரண்டு சுற்று வெளிச்சம் ஒவ்வொரு ஃபிரேமிலும் விழும். அசைவு சற்று மசங்கும். ஆனால் அசைவது கத்தி மட்டும்தான், மசங்கட்டும்.

இரண்டாவது தவறு பெரிது. கேமராவை நாற்காலிக்கு எதிரே டிரைபாடில் வைத்திருந்தார்கள். உட்கார்ந்த அத்தனை பேரும் லென்சைப் பார்த்து போட்டோவுக்கு நின்றார்கள். உட்கார்ந்துகொண்டே நிற்பது என்றால் அது எப்படியிருக்கும் என்று அந்த ஃபுட்டேஜைப் பார்த்தால் தெரியும். தாடை ஒரு விரற்கடை மேலே, கண் சற்றே சுருங்கி, இடப்பக்கம் கால்வாசித் திருப்பம். பிளெக்ஸ் பேனரில் பார்க்கிற முகம். நான்கு நிமிடமும் யாரும் அதை முழுதாக விடவில்லை. லென்ஸ் இருக்கும்வரை எதிரே ஒரு கூட்டம் இருக்கிறது, அவர்கள் அந்தக் கூட்டத்துக்கு முகம் காட்டுகிறார்கள். கேமராவை மறைத்தால் அது திருட்டு. மறைக்காமலேயே கண்ணிலிருந்து எடுத்துவிட வேண்டும்.

பெட்டி

சலூனில் ஆள் பார்ப்பது கண்ணாடியை. கேமராவும் அங்கேயே இருக்கட்டும் என்பதுதான் யோசனை. ஒருபக்கம் முகம் காட்டி, மறுபக்கத்திலிருந்து ஊடே தெரிகிற ஒருவழிக் கண்ணாடி, 2க்கு 3 அடி. சுவரில் இருக்கும் கண்ணாடியைக் கழற்றிப் பயனில்லை, பின்னால் சுவர்தான். எனவே கல்லாப் பலகைக்கு முன்னால் 2 அடி ஆழத்தில் பிளைவுட் பெட்டி. முன்முகத்தில் கண்ணாடி, உள்ளே கறுப்புத் துணி, அதற்குள் கேமரா. நாற்காலி மூன்றடி பின்னுக்குத் தள்ளப்பட்டது. 11 அடி நீளத்தில் பெட்டிக்கு 2, கண்ணாடிக்கும் கண்ணுக்கும் நடுவே 3, அதற்குப் பின்னால் தலைசாய்ப்பும் கடைக்காரர் நிற்க இடமும். ஒளிப்பதிவாளருக்கு இடமில்லை. அவர் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து கேபிள் வழியாக மானிட்டர் பார்த்தார்.

முதலில் பாரிமுனையில் வாங்கியது 3 மி.மீ. அக்ரிலிக் ஷீட். விலை குறைவு, உடையாது. ஆனால் ஓரத்தில் மட்டும் பிடித்திருந்ததால் வெக்கையில் நடுவே புடைத்துக்கொண்டது. கேமராவுக்கு அதனால் ஒன்றும் இல்லை, அது ஊடே பார்க்கிறது. உட்கார்ந்தவருக்குத்தான் முகம் பொருட்காட்சிக் கண்ணாடி மாதிரி நீண்டது. "என்னண்ணே, மூஞ்சி கோணலாத் தெரியுது" என்றார் ஒருவர், நான்கு நிமிடமும் அந்தக் கோணலையே ஆராய்ந்தார். அக்ரிலிக்கைக் கழற்றி 5 மி.மீ. பூச்சுக் கண்ணாடி போட்டார்கள்.

இதை மாட்டும்போது பூச்சுப் பக்கம் ஆளை நோக்கி இருக்க வேண்டும். திருப்பி மாட்டினால் மூக்கின் ஓரத்தில் மங்கலாக இன்னொரு மூக்கு தெரியும். எந்தப் பக்கம் பூச்சு என்று பார்க்க நகத்தைக் கண்ணாடியில் வைத்தால் போதும். நகமும் பிம்பமும் ஒட்டினால் அதுதான் பூச்சுப் பக்கம், நடுவே இடைவெளி இருந்தால் மறுபக்கம். பூச்சு வெளியே இருப்பதால் கீறலுக்குப் பயம். ஸ்ப்ரே பாட்டிலை அந்தப் பக்கம் திருப்பக் கூடாது என்று கடைக்காரரிடம் சொல்லிவைத்தார்கள். இருபது வருடப் பழக்கம் கேட்குமா, இரண்டு தடவை அடித்துவிட்டார். ஈரமான மைக்ரோஃபைபர் துணியால் ஒற்றி எடுக்க வேண்டும், தேய்க்கக் கூடாது.

பெட்டிக்குள் துளி வெளிச்சம் இருந்தாலும் கண்ணாடிக்குப் பின்னால் லென்ஸ் வட்டம் தெரிந்துவிடும். கேமராவின் சிவப்பு விளக்கின்மேல் கறுப்பு டேப், மானிட்டர் வெளியே, துணி மடிப்புகளில் கிளிப். இப்படி அடைத்தால் சூடு ஏறும். பெட்டியின் முதுகில் கம்ப்யூட்டர் கேபினட் காற்றாடி ஒன்று, வெளிச்சம் நுழையாதபடி வளைந்த அட்டைக் குழாயோடு. டேக் ஓடும்போது நிறுத்தி, இடைவேளையில் போடுவது.

பூச்சுக் கண்ணாடி இரண்டு ஸ்டாப், அதாவது நான்கில் மூன்று பங்கு, வெளிச்சத்தை விழுங்கிவிட்டது. லென்சின் துவாரத்தை எஃப் 2.8-க்குத் திறந்தால் ஈடுகட்டலாம். ஆனால் 25 மி.மீ. லென்சில், ஒரு மீட்டர் தூரத்தில், அப்போது தெளிவு ஆழம், அதாவது முன்பின்னாகத் தெளிவாகத் தெரியும் தூரம், சுமார் 13 செ.மீ. தான். கடைக்காரர் கழுத்தில் கத்தி வைக்கத் தலையைச் சாய்த்ததும் முகம் அதைவிடப் பின்னால் போய் மங்கிவிடுகிறது. எஃப் 4-இல் 19 செ.மீ. கிடைத்தது. ஒளி உணர்திறனில் ஐஎஸ்ஓ 3200 இந்தக் கேமராவுக்கு இயல்பாக அமைந்த (நேட்டிவ்) இரண்டாவது அளவு என்பதால் படத்தில் குருணை தொல்லை தரவில்லை. கண்ணாடிக்கு இருபுறமும் இன்னும் ஒவ்வொரு டியூப், அவ்வளவுதான் கூடுதல் விளக்கு.

இதில் மிக நல்ல கருவி சலூனிலேயே இருந்தது, நாற்காலியின் கால் பம்ப். ஆள் தன் கண்ணைத்தான் பார்க்கிறார் என்றால், அந்தப் பார்வை லென்சில் விழ லென்ஸ் அவர் கண்ணுக்கு நேர் எதிரே, அதே உயரத்தில் இருக்க வேண்டும். ஒவ்வொருவருக்கும் கேமராவை ஏற்றி இறக்கினால் பெட்டியைப் பிரித்துக் கட்ட வேண்டும். அதனால் லென்சை 46 அங்குலத்தில் நிரந்தரமாகப் பூட்டிவிட்டு, ஆளை பம்ப் அடித்து ஏற்றினார்கள். ஆறடி ஜிம் பயிற்சியாளரும் ஐந்தடி இரண்டங்குல முதியவரும் ஒரே கண் மட்டம். திரையில் அடுத்தடுத்து வரும்போது யாரும் யாரையும்விட உயரமில்லை. இதைச் சொல்வதற்கு ஒரு வசனமும் தேவைப்படவில்லை.

எதிர்பாராமல் கிடைத்தது ஒன்று உண்டு. கண்ணாடி மூன்றடியில் இருந்தால் பிம்பம் ஆறடியில் இருக்கும். ஆளின் இரு கண்களும் அந்த ஆறடியில்தான் குவிகின்றன. லென்சோ மூன்றடி நாலு அங்குலத்தில். எனவே திரையில் அவர் நம்மைப் பார்ப்பதுபோல் இருக்கும், ஆனால் பார்வை நமக்கு இரண்டு மூன்று அடி பின்னால் எங்கோ போய் நிற்கும். டெலிபிராம்ப்டரில் செய்தி வாசிப்பவர் பார்ப்பது மாதிரி இல்லை இது. நம் தோளுக்குப் பின்னால் வேறு யாரோ நிற்பதுபோல, அந்த ஆள் அவருக்கு நன்றாகத் தெரிந்தவர் என்பதுபோல இருக்கும்.

துணி

கழுத்தில் கட்டும் துணியும் ஒரு முடிவுதான். அது சட்டை, செயின், வாட்ச், புஜம், தொப்பை எல்லாவற்றையும் மூடிவிடுகிறது. கையைக் கட்டிப்போடுகிறது. மீசையை முறுக்க முடியாது, தலையைக் கோத முடியாது. ஆள் கழுத்துக்கு மேலே மட்டும் மிஞ்சுகிறார். வெள்ளைத் துணி போட்டுப் பார்த்தார்கள். வெளிச்சம் பட்டுத் தாடைக்கு அடியில் எகிறி, கழுத்து நிழல் கலைந்து, எல்லோரும் ஐந்து வயது குறைந்தார்கள். கறுப்பில் தலை மட்டும் மிதந்தது. கடையில் ஏற்கெனவே இருந்த, துவைத்துத் துவைத்து வெளுத்த நீலத் துணியே நின்றது.

பதினொரு பேரில் ஏழு பேருக்கு முதல் நிமிடத்துக்குள் தோரணை கழன்றுவிட்டது. மற்றவர்களில் மூவருக்குத் தண்ணீர் தெளித்ததும். ஜிம் பயிற்சியாளர் ஒருவர்தான் மூன்றாவது நிமிடம்வரை பிடித்துக்கொண்டிருந்தார். மூக்கின் கீழ் கத்தி வந்தபோது மேலுதட்டை உள்ளே மடிக்கச் சொல்ல, மடித்தார். அந்த முகத்தோடு யாராலும் மிரட்ட முடியாது.

ஒலி

ஆஃப் ஸ்பீடில் கேமரா ஒலியைச் சேர்ந்து பதியாது. தனி ரெக்கார்டர் வேண்டும். மைக் இரண்டு: நாற்காலிக்கு மேல் ஒன்று, நாற்காலியின் இரும்புக் கைப்பிடிக்கு அடியில் ஒட்டிய, அதிர்வைப் பிடிக்கும் பீசோ தகடு ஒன்று. பீசோ சென்னையின் எலெக்ட்ரானிக்ஸ் சந்தையான ரிச்சி தெருவில் சில்லறைக் காசுக்குக் கிடைக்கும். ஆனால் அதை நேரடியாகச் சாதாரண மைக் உள்ளீட்டில் செருகினால் அடி ஒலி எல்லாம் போய்த் தகரச் சத்தம்தான் வரும். 1 மெகா ஓமுக்குக் குறையாத உள்ளீட்டு மின்தடை கொண்ட சின்ன பிரீஆம்ப் (முன்பெருக்கி) நடுவே வேண்டும். அது இருந்தால், துணிக்கு அடியில் ஆள் கைப்பிடியை இறுக்குவதும் விடுவதும் கேட்கும். முகம் கல்லாக இருக்க, கை இறுக்குவதை இரும்பு சொல்லும்.

பாட்டுதான் பெருந்தொல்லை. கடை ரேடியோவை நிறுத்தலாம், எதிர் டீக்கடையின் ஸ்பீக்கரை என்ன செய்வது? பின்னணியில் இரண்டு வரி சினிமாப் பாட்டு கேட்டால்கூட உரிமை கேட்டு வருவார்கள். கணினியில் பாட்டை மட்டும் வடிகட்டினால் சவரச் சத்தமும் சேர்ந்து மழுங்குகிறது. டீக்கடைக்காரரிடம் பேசி, டேக் நேரத்தில் மட்டும் நான்கு நிமிடம் அணைக்கச் சொன்னார்கள். குழு அன்று குடித்த டீயெல்லாம் அங்கேதான்.

36-இல் எடுத்த 4 நிமிட முகம் திரையில் 6 நிமிடம். ஒலியோ 4 நிமிடம்தான். எடிட்டர் முதலில் ஒலியையும் ஒன்றரை மடங்கு இழுத்தார். சுருதி இறங்கிப் பேய்ப்படச் சத்தமாயிற்று. சுருதி மாறாமல் இழுத்தால் கத்தியின் 'சரக் சரக்' துண்டு துண்டாக உடைந்தது. கடைசியில் இழுப்பதையே விட்டார்கள். ஒலி நிஜ வேகத்தில் ஓடட்டும், முகம் பின்தங்கட்டும். இரண்டாம் நிமிடத்தில் கேட்கிற கத்தி மூன்றாம் நிமிடத்தில்தான் திரையில் வருகிறது. இடைவெளி போகப்போக அகலும். நான்காம் நிமிடத்தில் டவல் உதறும் சத்தத்தோடு ஒலி முடிந்துவிடும். முகம் இன்னும் இரண்டு நிமிடம், சத்தமே இல்லாமல்.

படத்திலேயே கனமான இரண்டு நிமிடம் அப்படி வந்ததுதான். முப்பத்துநான்கு வயதுக்காரர் ஒருவர் மீசையை எடுக்கச் சம்மதித்தார். ஒரே டேக், திருப்பி எடுக்க முடியாது. புதுப் பாதி பிளேடு, வலமிருந்து இரண்டு இழுப்பு, இடமிருந்து மூன்று. மீசை போன இடம் மற்ற முகத்தைவிட வெளுத்து, ஈரமாக, ஒரு சிறுவனின் உதடு மாதிரி. படிகாரம் தடவியபோது உதடு சுருங்கியது. ஒலி அதற்கு முன்பே முடிந்துவிட்டிருந்தது. துணிக்கு அடியில் வலக்கை மேலே வருகிறது, மார்பருகே நீலத் துணி புடைக்கிறது, வெளியே வர வழியில்லாமல் அங்கேயே நிற்கிறது. பிறகு மெல்ல இறங்குகிறது. அவர் கண் கண்ணாடியை விட்டு அகலவில்லை.

சம்மதம்

கண்ணாடிக்குப் பின்னால் கேமரா என்றால் அது சொல்லாமல் வைக்கக் கூடிய இடமில்லை. சலூனில் அதைவிடக் கூடாது. ஒவ்வொருவரும் உட்காருவதற்கு முன் துணியைத் தூக்கிப் பெட்டிக்குள் காட்டப்பட்டது. இரண்டு பக்கத் தமிழ்ப் படிவம், உரக்க வாசித்து, கையெழுத்து. எடுத்த டேக்கை அவருக்கே முழுதாகப் போட்டுக் காட்டி, அதன்பின் 15 நாள் அவகாசம். அதற்குள் வேண்டாமென்றால் காரணம் கேட்காமல் அழிப்பது. தலைக்கு 1,000 ரூபாய், விலகினாலும் அது அவருக்குத்தான். படப்பிடிப்பு முடிந்த அன்றே கண்ணாடி கழற்றப்பட வேண்டும் என்பது கடைக்காரரின் நிபந்தனை. நியாயமானது, புதன்கிழமை வருகிற வாடிக்கையாளர் எதற்கும் சம்மதம் சொல்லவில்லை.

மூன்று பேர் விலகினார்கள். ஒருவருக்கு வீட்டில் பெண் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒருவரை அறைத்தோழர்கள் கேலி செய்திருந்தார்கள். மற்றவர் காரணம் சொல்லவில்லை.

படிவத்தில் விடுபட்டது ஒன்று உண்டு, இதே வேலையை எடுப்பவர்கள் முதலிலேயே சேர்த்துக்கொள்வது நல்லது. மீசை எடுத்தவர் வெளியே போன பத்து நிமிடத்தில் மேன்ஷன் வாட்ச்மேன் எழுந்து நின்று, "ஊர்ல யாரு தம்பி தவறிட்டாங்க?" என்று கேட்டாராம். நம்மிடையே மீசை மழித்தால் பலருக்கும் முதலில் தோன்றுவது துக்கமும் மொட்டை நேர்த்தியும்தான். தகப்பன் உயிரோடு இருக்கும்போது மீசை எடுப்பதைச் சில வீடுகளில் அபசகுனமாகவே கொள்வார்கள். முகத்து முடி மாதத்துக்கு ஏறக்குறைய ஒரு செ.மீ. வளரும், பழைய கட்டுக்கு வர இரண்டு மாதம். அந்த இரண்டு மாதமும் கேள்விக்குப் பதில் சொல்வது அவர்தான், குழு இல்லை. இதை முன்கூட்டியே எடுத்துச் சொல்லி, வீட்டில் பேசிவிட்டு வரச் சொல்லியிருக்க வேண்டும்.

யாருடைய கை?

முதல் கட் 21 நிமிடம், எட்டு முகம். நெருக்கமான ஃபிரேம் என்பதால் கடைக்காரர் இரண்டு கையாக மட்டும் வந்துபோனார். அழகாக இருந்தது, அதுதான் கோளாறு. தெரிந்தவர்கள் பன்னிரண்டு பேருக்குப் போட்டபோது முடிந்ததும் வந்த முதல் கேள்வி: "அந்தக் கை யாருது?" அடுத்தது இன்னும் நேராக இருந்தது. ஆண்களைப் பற்றிய படம் என்கிறீர்கள், அங்கே வேலை செய்த ஆண் ஏன் கழுத்துக்கு மேல் இல்லை?

முடி திருத்துவதைச் சாதித் தொழிலாக வைத்திருந்த ஊரில், ஒரு தலைமுறைக்கு முன்வரை அந்தக் கைக்கு முகம் இருக்கக் கூடாது என்பதுதான் ஏற்பாடு. பரிசோதனைப் படம் எடுக்கப் போனவர்கள் நல்ல ஃபிரேமுக்காக அதே ஏற்பாட்டைத் திரும்பச் செய்திருந்தார்கள். ஒலித்தடத்தை மறுபடி கேட்டபோது இன்னொன்று துலங்கியது. இருபத்துநான்கு வயது இளைஞர் ஒருவர், தன் அப்பா வயதுக்காரரிடம், "நீ பாட்டுக்கு இழு, எரியாது" என்கிறார். பதில், "சரிங்க தம்பி." முதல் கட்டில் இந்த இரண்டு வரியும் சத்தம் என்று குறைக்கப்பட்டிருந்தன. இறுதிப் படத்தில் அவை முழு அளவில் இருக்கின்றன. இளைஞரிடம் அந்த வரிகளைத் தனியே போட்டுக் காட்டி மறுபடி சம்மதம் வாங்கினார்கள். அவர் இரண்டு தடவை கேட்டுவிட்டு இருக்கட்டும் என்றார்.

நான்காவது செவ்வாய் கடைக்காரருக்காக. பக்கத்து நாற்காலியில் வேலை செய்யும் இளையவர் கத்தி பிடிக்க, கடைக்காரர் உட்கார்ந்தார். பம்பைத் தானே அடித்து உயரம் சரிசெய்துகொண்டார். மற்ற எல்லோரும் தங்கள் முகத்தைப் பார்த்தார்கள். அவர் கண் ஒருதடவைகூடத் தன் முகத்தில் நிற்கவில்லை. கண்ணாடிக்குள் கத்தி பிடித்த கையைத்தான் நான்கு நிமிடமும் பின்தொடர்ந்தது. மணிக்கட்டு திரும்பும் கோணம், தோலை இழுத்துப் பிடிக்கும் விரல், கட்டைவிரலில் துடைத்த நுரை. ஒருதடவை புருவம் லேசாக ஏறுகிறது. அங்கே இளையவர் முடியின் போக்குக்கு எதிராக இழுத்துவிட்டார். கையையே பின்தொடர்ந்ததால் கடைக்காரரின் பார்வை லென்சில் விழவே இல்லை, மற்ற எட்டு முகத்துக்கும் கட்டிய ஏற்பாடு இவரிடம் பலிக்கவில்லை. இந்த டேக்கைக் குழு ஒரு ஃபிரேம்கூட வெட்டவில்லை, ஆறு நிமிடமும் இருக்கிறது. மற்ற எட்டுக்கும் ஒன்றரை நிமிடத்திலிருந்து நான்கு நிமிடம்வரை. வரிசையில் இவர் முதல் ஆள். பின்னால் வருகிற ஒவ்வொரு முகத்திலும் கை நுழையும்போது அது யாருடையது என்று தெரிந்துவிடுகிறது.

ஒவ்வொரு முகத்துக்கும் நீளம் வைத்ததில் விதி ஒன்றே: தோரணை கழன்ற இடத்தில் வெட்டக் கூடாது. அங்கே வெட்டினால் 'பார், உடைந்துவிட்டான்' என்று கைகொட்டுவதாகிவிடும். கழன்றபின் அந்த ஆள் வெறுமனே இருக்கிற நேரம் குறைந்தது ஒரு நிமிடமாவது வர வேண்டும். சிலர் அந்த ஒரு நிமிடத்தில் தூங்கிவிட்டார்கள்.

திரையிடல்

பொதுத் திரையிடலுக்கு 1952-ஆம் ஆண்டு ஒளிப்பதிவுச் சட்டப்படி தணிக்கைச் சான்று வேண்டும். விழாக்களுக்கு விலக்கு பெறும் வழி தனி. இந்தப் படம் இதுவரை அழைப்பின்பேரில் சிறு அறைகளில்தான் ஓடியிருக்கிறது. திரை பெரிதாக இருக்கக் கூடாது. முகம் நிஜ முகத்தைப்போல இரண்டு மடங்குக்குமேல் போனால் மறுபடி கட்அவுட் ஆகிவிடும். திரையிலுள்ள கண்கள் உட்கார்ந்திருப்பவரின் கண் மட்டத்தில், தரையிலிருந்து 46 அங்குலத்தில். ஸ்பீக்கர் ஒன்றே போதும், பார்வையாளருக்குப் பின்னால்.

இணைய லிங்காக அனுப்பியது ஒரே ஒருதடவை, வெளியூரில் இருந்த, திரையிடப் படங்களைத் தேர்வு செய்யும் ஒருவருக்கு. நேரமில்லாமல் 1.5 வேகத்தில் ஓட்டிப் பார்த்திருக்கிறார். 36-இல் எடுத்து 24-இல் ஓடுவதை ஒன்றரை மடங்கு வேகத்தில் போட்டால் கணக்குப்படி சரியாக நிஜ வேகம் வந்துவிடும். பதில் ஒரு வரி: "ஒன்பது பேர் ஷேவிங் செய்துகொள்கிறார்கள், அவ்வளவுதானே?" அவர் பார்த்த பிரதியில் அவ்வளவுதான் இருந்தது.